இருமல் மருந்துப் போத்தலும் சிவப்பு வட்டமும்

முதியோர் பராமரிப்பில் அவுஸ்பில்டுங் என்ற தொழிற்பயிற்சியை முடித்துவிட்டு இந்த வருடம் வேலைக்கு இறங்கியிருக்கும் பிள்ளைகளே, ட்ராமில் வரும்போது உங்களில் பாதிப்பேர் காதில் எதைக் கேட்டுக்கொண்டு வருகிறீர்கள் என்று எனக்குத் தெரியும். அமெரிக்கத் தொடர்கொலைகாரர்களின் கதை. எத்தனை பேரைக் கொன்றான், எப்படிப் பிடிபட்டான், பக்கத்து வீட்டுக்காரர் அவனை எவ்வளவு நல்லவன் என்று நினைத்திருந்தார்கள். நானும் கேட்டிருக்கிறேன். கேட்டுக்கொண்டே சமைத்து இரண்டு முறை பருப்பை அடிப்பிடிக்க விட்டிருக்கிறேன். ஆகையால் அதைக் கேட்காதே, இதைப் பார்க்காதே என்று சொல்ல நான் வரவில்லை. அந்தக் கதைகள் ஒருமுறை என் வேலைத்தளத்துக்குள் வந்து உட்கார்ந்துகொண்டன. அதைப் பற்றித்தான் எழுதுகிறேன்.

கெல்சென்கிர்ச்சன் நகரில் ஒரு முதியோர் இல்லத்தில் இரண்டாம் மாடிக்குப் பொறுப்பாக இருந்து, போன வருடத்துக்கு முதல் வருடம் ஓய்வுபெற்றேன். கட்டில் விரிப்பு மாற்றுவது, மருந்துப் பெட்டி அடுக்குவது எல்லாம் உங்களுக்குப் பள்ளியிலேயே சொல்லித் தந்திருப்பார்கள். நான் சொல்லப்போவது பள்ளியில் சொல்லித்தராத ஒன்று. அது நான் விட்ட பிழை.

என் மாடியில் யசோ என்ற பராமரிப்பு உதவியாளர் வேலை செய்தாள். யாழ்ப்பாணத்துக்காரி, ஐம்பது வயதைத் தாண்டியவள். எங்கள் பிள்ளைகள் சனிக்கிழமைகளில் ஒரே தமிழ்ப் பள்ளிக்குப் போனார்கள். அங்கே வாசலில் நின்று கதைத்துத்தான் பழக்கம். வேலைக்கான அன்ராக் படிவத்தை நிரப்பிக் கொடுத்து அவளை இல்லத்துக்குள் கொண்டுவந்தது நான்தான். ஜெர்மன் மொழி அவளுக்குக் கொஞ்சம்தான் வரும். ஆனால் கத்திக் குழப்பம் செய்யும் கிழவர்கள் கூட அவள் கை பட்டால் அடங்கிவிடுவார்கள். அதைப் பார்த்து எனக்கு உள்ளுக்குள் பெருமை. எங்கட ஆள் என்ற பெருமை. இதை நினைவில் வைத்துக்கொள்ளுங்கள்.

இன்னொருத்தி ஸ்டெஃபி. ஜெர்மன் பெண், முப்பது வயது, நன்றாகப் படித்த தாதி. அமெரிக்கக் கொலைக்கதைகளில் அவளுக்கு இணை கிடையாது. இடைவேளைக்குக் கோப்பியோடு உட்கார்ந்தால் ஒரு கொலைகாரனை எடுத்து மேசையில் வைப்பாள். நாங்கள் கேக்கைத் தின்றுகொண்டே கேட்போம். ஒருநாள் அவள் சொன்ன கதை, ஒரு மருத்துவமனையிலிருந்து இன்னொன்றுக்கு மாறி மாறிப் போன ஒரு தாதியைப் பற்றியது. போன இடமெல்லாம் நோயாளிகள் செத்தார்கள். போன இடமெல்லாம் நிர்வாகத்துக்குச் சந்தேகம் வந்தது. ஆனால் வம்பு எதற்கு என்று நல்ல சான்றிதழ் கொடுத்து அனுப்பிவிட்டார்கள்.

"எல்லாருக்கும் தெரிந்திருக்கிறது. ஒருவரும் வாய் திறக்கவில்லை" என்று ஸ்டெஃபி மேசையில் தட்டினாள். யசோவும் அங்கேதான் இருந்தாள். ஒன்றும் விளங்காமல் சிரித்துக்கொண்டு எல்லோருக்கும் கோப்பி ஊற்றினாள்.

அந்தக் குளிர்காலத்தில் எங்கள் மாடியில் ஏழு பேர் இறந்துபோனார்கள். காய்ச்சல் பரவிய காலம், எல்லோரும் தொண்ணூறை எட்டிப் பிடித்தவர்கள். எனக்கு அது வினோதமாகப் படவில்லை. கடைசியாகப் போனவர் கொவால்ஸ்கி ஐயா, பழைய சுரங்கத் தொழிலாளி. விழுங்க முடியாத நிலை. வாயால் எதுவும் கொடுக்கக்கூடாது என்று வைத்தியர் எழுதி, கட்டிலின் தலைமாட்டில் அட்டையும் தொங்கியது.

அவர் இறந்த அன்று பின்னேரம் ஸ்டெஃபி என் அறைக்குள் வந்து கதவைச் சாத்தினாள். கையில் ஒரு தாள். ஏழு பேரின் பெயர், இறந்த நாள், அந்த நேரம் வேலையில் நின்றவர்கள் என்று வரிசையாக எழுதியிருந்தாள். ஏழில் ஐந்து இடத்தில் ஒரே பெயர். அந்தப் பெயரைச் சுற்றிச் சிவப்பு வட்டம். யசோ.

"இது மட்டும் என்றால் நான் வந்திருக்கமாட்டேன்" என்றாள். "இன்றைக்கு என் கண்ணால் பார்த்தேன். கொவால்ஸ்கியின் வாயில் கரண்டியால் ஏதோ ஊற்றிக்கொண்டிருந்தாள். என்னைக் கண்டதும் கரண்டியைச் சட்டைப்பைக்குள் போட்டாள். ஒரு சின்னப் போத்தலும் இருந்தது. மருந்துப் போத்தல். ஒரு மணித்தியாலத்தில் அவர் போய்விட்டார்."

குற்றம் கண்டுபிடித்த சந்தோசம் அவள் முகத்தில் துளியும் இல்லை. இதை நான் அழுத்திச் சொல்கிறேன், ஏனென்றால் பிறகு எங்கள் ஆட்கள் பலர் ஸ்டெஃபியைத் திட்டினார்கள். அவள் செய்தது சரி. கண்டதைக் கொண்டுவந்து பொறுப்பானவரிடம் சொன்னாள். வட்டம் போட்டதை மட்டும் விட்டிருக்கலாம். வட்டம் போட்ட பிறகு மற்றப் பெயர்கள் கண்ணில் படுவதில்லை.

"நாளைக்குக் காலமை நிர்வாகியிடம் போவோம்" என்று சொல்லி அவளை அனுப்பினேன். யசோ அப்போதே வேலை முடித்துப் போயிருந்தாள்.

ட்ராமில் ஏறி உட்கார்ந்ததும் என்ன செய்தேன் தெரியுமா? யசோவுக்குப் போன் எடுத்தேன். சுற்றிவர இருந்தவர்களுக்குத் தமிழ் தெரியாது என்ற தைரியம்.

"யசோ, நாளைக்கு உன்னட்டை ஆரும் ஏதும் கேட்டால் ஒண்டும் கதைக்காதை. வாயைத் திறக்காதை. நான் பாத்துக்கொள்ளுறன்."

"ஏன் அக்கா? என்ன நடந்தது?"

"ஒண்டும் கேளாதை. நான் சொல்லுறதை மட்டும் செய்."

கொஞ்ச நேரம் சத்தமில்லை. பிறகு, "ஓம் அக்கா" என்றாள்.

போனை வைத்ததும் எனக்கு ஒரு நிம்மதி வந்தது. எங்கட பிள்ளைக்கு ஒரு அரண் கட்டிவிட்டேன் என்ற நிம்மதி. அகதியாக வந்த எங்கள் தலைமுறைக்கு இது ஊறிப்போன பழக்கம். சீருடை போட்டவன் கேள்வி கேட்டால் வாயை மூடு, எங்கட ஆட்களுக்குள் பேசித் தீர்ப்போம். ஊரில் அந்தப் பழக்கம் பலரின் உயிரைக் காப்பாற்றியது. அதை அப்படியே பெட்டியில் போட்டுக்கொண்டு இங்கே வந்திறங்கியிருக்கிறேன் என்று எனக்கு அன்றைக்கு விளங்கவில்லை.

அடுத்த நாள் காலை நிர்வாகி அந்தத் தாளை இரண்டு தடவை பார்த்தார். மோசமான மனிதர் இல்லை, பயந்த மனிதர். சன்னலைப் பார்த்துக்கொண்டு யோசித்தார். பிறகு மெதுவாகச் சொன்னார்:

"ஒரு வழி இருக்கிறது. அவருடைய ஒப்பந்தம் இன்னும் இரண்டு மாதத்தில் முடிகிறது. நாங்கள் புதுப்பிக்காமல் விடுவோம். நல்ல சான்றிதழ் ஒன்று கொடுப்போம். அவருக்கும் பாதிப்பில்லை, இல்லத்துக்கும் பெயர் கெடாது. நீங்களும் அவருடைய நாட்டுக்காரர், உங்களுக்கும் இதுதானே நல்லது?"

உண்மையைச் சொல்கிறேன், என் நாக்கு நுனியில் "சரி" என்ற சொல் வந்து நின்றது. அந்த ஒரு சொல்லோடு எல்லாம் முடிந்துவிடும். பொலிஸ் இல்லை, பத்திரிகை இல்லை, தமிழ்ப் பள்ளி வாசலில் யாரும் என்னை ஒரு மாதிரிப் பார்க்கப் போவதில்லை.

அந்த நேரத்தில்தான் ஸ்டெஃபியின் கோப்பி மேசைக் கதை மனதில் வந்தது. நல்ல சான்றிதழோடு மருத்துவமனை மருத்துவமனையாகப் போன தாதி. ஒவ்வொரு இடத்திலும் எங்கள் நிர்வாகியைப் போல ஒருவர் சன்னலைப் பார்த்திருப்பார். ஒவ்வொரு இடத்திலும் என்னைப் போல ஒருத்தி தலையாட்டியிருப்பாள். யசோ கொன்றிருந்தால், அடுத்த இல்லத்துக் கிழவர்கள் சாவதற்கு நான் கையெழுத்துப் போடுகிறேன். கொல்லவில்லை என்றால், இந்தச் சந்தேகம் அவள் போகுமிடமெல்லாம் அவளுக்குத் தெரியாமலே பின்னால் போகும். ஒருவரும் கேட்காத குற்றத்துக்கு அவள் ஒருநாளும் பதில் சொல்ல முடியாது. இரண்டில் எது உண்மை என்றாலும் அந்த நல்ல சான்றிதழ் ஒரு அநியாயம்.

"பொலிசைக் கூப்பிடுங்கோ" என்று தமிழிலேயே சொல்லிவிட்டேன். பிறகு ஜெர்மனில் சொன்னேன். அவர் தயங்கினார். நானே போனை எடுத்தேன்.

யசோவை வேலையிலிருந்து நிறுத்திவைத்தார்கள். கொவால்ஸ்கி ஐயாவின் உடலைப் பரிசோதனைக்குக் கொண்டுபோனார்கள். அவள் சட்டைப்பையிலும் அலமாரியிலும் கிடந்த பொருட்களை எடுத்துப்போனார்கள்: ஒரு சில்வர் கரண்டி, ஒரு பழைய இருமல் மருந்துப் போத்தல். விசாரித்த அதிகாரி என் வயதுப் பெண். அவசரப்படாதவர். மொழிபெயர்ப்பாளரை வைத்து யசோவிடம் இரண்டு நாள் கேட்டார். போத்தலில் என்ன? யாருக்குக் கொடுத்தாய்? ஏன் மறைத்தாய்?

யசோ வாயே திறக்கவில்லை.

இரண்டாம் நாள் முடிவில் அதிகாரி என் அறைக்கு வந்து உட்கார்ந்தார். "எனக்கு விளங்கவில்லை. அழுகிறார். ஆனால் ஒரு சொல்லும் இல்லை. யாரோ சொல்லிக்கொடுத்த மாதிரி இருக்கிறது" என்றார்.

மாடியிலும் பேச்சு மாறிவிட்டது. முதல் நாள் "யசோவா, இருக்காது" என்றவர்கள், "குற்றமில்லாதவள் ஏன் பேசாமல் இருக்கிறாள்?" என்றார்கள். அவளுடைய பொறுமை, மெல்லிய குரல், தானாக வந்து கோப்பி ஊற்றியது எல்லாம் இப்போது வேறு மாதிரித் தெரிந்தன. "இப்படியானவர்கள்தான்" என்றாள் ஒருத்தி. அந்த அமெரிக்கக் கதைகளில் உள்ள வில்லங்கம் இதுதான், பிள்ளைகளே. கொலைகாரன் யார் என்று தெரிந்த பிறகு உட்கார்ந்து எழுதிய கதைகள் அவை. அவன் சிரித்ததும் உதவி செய்ததும் நடிப்பு என்று சொல்வது பிறகு லேசு. எங்களுக்கோ முடிவு தெரியாது. ஆனாலும் தெரிந்த மாதிரிப் பின்னோக்கிப் பார்க்கத் தொடங்கினோம்.

நான் அதிகாரிக்கு முன்னால் இருந்தேன். சொல்லாவிட்டால் ஒருவருக்கும் தெரியாது. சொன்னால் என் வேலை போகலாம். பதவியில் இருப்பவள் சந்தேக நபரை எச்சரித்தாள் என்று என்மேல் வழக்கும் வரலாம். ஓய்வுக்கு நான்கு வருடம்தான் இருந்தது. என் கண் மேசையில் இருந்த கோப்பிக் கோப்பையை விட்டு நகரவில்லை.

"சொல்லிக்கொடுத்தது நான்தான்" என்றேன்.

அவர் எழுதுவதை நிறுத்தினார். ட்ராமில் பேசியதை ஒரு சொல் விடாமல் சொன்னேன். கேட்டுவிட்டு அவர் கோபப்படவில்லை. அதுதான் கூட வலித்தது.

"இதை ஏன் முதல் நாளே சொல்லவில்லை?"

"வெட்கம்" என்றேன். அதைவிட உண்மையான பதில் என்னிடம் இருக்கவில்லை.

அவர் மொழிபெயர்ப்பாளர் மூலம் யசோவிடம் ஒரே ஒரு வசனம் சொல்ல வைத்தார்: உங்கள் பொறுப்பாளர் எங்களிடம் எல்லாவற்றையும் சொல்லிவிட்டார், இனி நீங்கள் பேசலாம். யசோ பேசினாள். மூன்று மணித்தியாலம் பேசினாளாம்.

போத்தலில் இருந்தது குழாய்த் தண்ணீர். எங்கள் வீடுகளில் போத்தலை எறிவோமா? ஜாம் போத்தலில் மிளகாய்த்தூள், பிஸ்கட் ரின்னில் ஊசி நூல். இருமல் மருந்துப் போத்தல் கைக்கு அடக்கமாக இருந்தது, கழுவி எடுத்துக்கொண்டாள். போகிற உயிர் தொண்டை வறண்டு போகக்கூடாது என்று கடைசி நேரத்தில் இரண்டு சொட்டுத் தண்ணீரோ பாலோ பருக்குவது எங்கள் வழக்கம். கொவால்ஸ்கி ஐயாவுக்குப் பிள்ளைகள் தூரத்தில். பருக்க ஆள் இல்லை. அவள் பருக்கினாள். செய்யக்கூடாது என்று அட்டையில் எழுதியிருந்தது அவளுக்குத் தெரியும். அதனால்தான் கரண்டியை ஒளித்தாள்.

அவளுடைய கணவர் வன்னியில் போரின்போது செல்லடிபட்டு விழுந்தபோது தண்ணீர் கேட்டிருக்கிறார். வயிற்றுக் காயத்துக்குத் தண்ணீர் கொடுக்கக்கூடாது என்று மற்றவர்கள் தடுத்துவிட்டார்கள். கேட்டபடியே போய்விட்டார். இத்தனை வருடப் பழக்கத்தில் இதை அவள் என்னிடம் சொன்னதில்லை. நானும் கேட்டதில்லை. ஒரு அந்நிய அதிகாரி கேட்டு எழுதிய வாக்குமூலத்தில்தான் நான் அதைத் தெரிந்துகொண்டேன்.

பரிசோதனையில் ஒன்றும் அகப்படவில்லை. மருந்து இல்லை, நஞ்சு இல்லை. நுரையீரல் அழற்சியால் இயற்கையாக வந்த சாவு, இரண்டு சொட்டுத் தண்ணீருக்கு அதில் பங்கில்லை என்று எழுதியிருந்தார்கள்.

அப்படியானால் ஏழில் ஐந்து எப்படி வந்தது? அந்தக் கேள்வியையும் அதிகாரி விடவில்லை. "இந்த ஐந்து நாளும் அவருக்கு முதலிலேயே போட்ட வேலையா, மாற்றிக்கொண்ட வேலையா?" என்று கேட்டார். நாங்கள் யாரும் கேட்காத கேள்வி. வேலை மாற்றிக்கொள்வதற்கு எங்களிடம் மஞ்சள் துண்டு ஒன்று உண்டு. இருவர் எழுதிக் கொடுக்க, பொறுப்பாளர் கையெழுத்திட வேண்டும். பழைய கோப்பை எடுத்து விரித்தோம்.

ஐந்தில் நான்கு மாற்றிக்கொண்ட வேலை. யாராவது சாகக் கிடக்கிறார் என்று தெரிந்தால், "யசோ, நாளைக்கு எனக்குப் பதிலாக நிற்பாயா? என்னால் பார்க்க முடியாது" என்று கேட்டிருக்கிறார்கள். அவள் "ஓம்" என்றிருக்கிறாள். சாவு இருந்த இடத்துக்கெல்லாம் நாங்களே அவளை அனுப்பிவிட்டு, சாவு நடந்த இடத்திலெல்லாம் இவள் நிற்கிறாளே என்று கணக்கெடுத்திருக்கிறோம். நான்கில் இரண்டு துண்டு ஸ்டெஃபியினுடையது. அவள் அதைப் பார்த்துவிட்டுக் கழிப்பறைக்குள் போய் நெடுநேரம் வரவில்லை.

நான்கு துண்டிலும் கீழே கையெழுத்து என்னுடையது. கோப்பி குடித்தபடி, ஏறெடுத்தும் பார்க்காமல் போட்ட கையெழுத்து.

யசோவுக்கு எழுத்துமூல எச்சரிக்கை ஒன்று கிடைத்தது, வைத்தியரின் கட்டளையை மீறியதற்காக. அது நியாயமானது என்றுதான் இன்றும் நினைக்கிறேன். விழுங்க முடியாதவருக்குக் கரண்டியால் ஊற்றக்கூடாது, நீங்களும் செய்யாதீர்கள். ஆனால் ஈரப் பஞ்சுக் குச்சியால் உதட்டையும் நாக்கையும் நனைக்கலாம். அதற்குத் தடையே கிடையாது, அலமாரியில் பெட்டி பெட்டியாக இருந்தது. அதை அவளுக்கு விளங்கும் மொழியில் சொல்லக்கூடிய ஒரே ஆள் அந்த இல்லத்தில் நான்தான். சொல்லவில்லை. எங்கட ஆள் எல்லாம் சரியாகத்தான் செய்வாள் என்ற பெருமையில், என்ன செய்கிறாள் என்று பார்க்காமலே இருந்துவிட்டேன். எனக்கும் ஒரு எச்சரிக்கை வந்தது. வேலை தப்பியது.

ஒப்பந்தத்தைப் புதுப்பிக்கத் தயார் என்று நிர்வாகி யசோவுக்கு எழுதினார். அவள் வரவில்லை. ஒருநாள் மத்தியானம் அலமாரியைப் பூட்டும் திறப்பைக் கொடுக்க மட்டும் வந்தாள். ஸ்டெஃபி ஓடிப்போய் அவள் கையைப் பிடித்து அழுதாள். யசோ அவள் முதுகைத் தடவி, தனக்குத் தெரிந்த ஜெர்மனில் "பரவாயில்லை, பரவாயில்லை" என்றாள். பிறகு என் அறைக்கு வந்தாள். இருக்கச் சொன்னேன். இருக்கவில்லை.

நான் பல நாள் யோசித்து வைத்திருந்ததைச் சொன்னேன். "யசோ, பொலிசைக் கூப்பிட்டது நான்தான். என்னிலை கோவம் இருக்கும். ஆனா எனக்கு வேற வழி தெரியேல்லை."

"அதிலை எனக்கு ஒரு கோவமும் இல்லை அக்கா" என்றாள். "அவை கேட்டினம். நான் சொன்னன். எழுதினவை. முடிஞ்சுது. ஸ்டெஃபியிலையும் கோவமில்லை, அவ கண்டதைச் சொன்னவ."

திறப்பை மேசையில் வைத்தாள்.

"நீங்கள் அண்டைக்குப் போன் எடுத்தனீங்கள் எல்லே. 'என்ன குடுத்தனீ யசோ' எண்டு கேப்பீங்கள் எண்டு பாத்துக்கொண்டு நிண்டனான். கேட்டிருந்தா, தண்ணி எண்டு சொல்லியிருப்பன். நீங்கள் கேக்கேல்லை. 'வாயைத் திறக்காதை' எண்டீங்கள். கொலை செய்தவளுக்குத்தானே அக்கா அப்பிடிச் சொல்லுறது?"

அவள் கதவைச் சத்தமில்லாமல் சாத்திவிட்டுப் போனாள்.

இப்போது டுசல்டோர்ஃபில் ஒரு ஹொஸ்பிசில் வேலை செய்கிறாளாம். சாகக் கிடப்பவர்களின் உதட்டை நனைப்பது அங்கே அவளுடைய வேலை. பஞ்சுக் குச்சியால், எல்லோருக்கும் முன்னால்.

நான் அவளுக்கு இன்னும் போன் எடுக்கவில்லை. நம்பர் இருக்கிறது. அந்தப் பின்னேரம் ட்ராமில் கேட்டிருக்க வேண்டிய கேள்வியை இனி எடுத்துக் கேட்டு என்ன பயன்? ஆனால் உங்களுக்கு இன்னும் காலம் இருக்கிறது. ஒருநாள் உங்கள் மேசைக்கும் சிவப்பு வட்டம் போட்ட ஒரு பெயர் வரும். அது எங்கட பெயராகவும் இருக்கலாம், ஜெர்மன்காரரின் பெயராகவும் இருக்கலாம். அந்த ஆளைக் காப்பாற்றவும் வேண்டாம், கைவிடவும் வேண்டாம். முதலில் என்ன நடந்தது என்று கேளுங்கள்.